பட்டத்தரசி என்றால் யார்? ஸ்பெயின் அரசி ஏனாவின் கதை வழியாக ஓர் எளிய விளக்கம்

ஐரோப்பிய அரச குடும்பங்களைப் பற்றிப் படிக்கத் தொடங்கும் எல்லோருக்கும் முதலில் வரும் குழப்பம் இதுதான். பிரிட்டனின் இரண்டாம் எலிசபெத்தும் அரசி, இன்றைய கமிலாவும் அரசி. இருவரும் ஒரே வகையா? இல்லை. எலிசபெத் தன் தந்தைக்குப் பின் அரியணை ஏறி ஆண்டவர். கமிலா மன்னர் சார்லஸை மணந்ததால் அரசியானவர். முதலாமவரை ஆளும் அரசி என்று சொல்லலாம். மன்னரின் மனைவி என்பதால் மட்டுமே அரசியாக இருப்பவரை இந்தக் கட்டுரையில் பட்டத்தரசி என்று குறிப்பிடுகிறேன்.

பட்டத்தரசிக்கு ஆட்சி அதிகாரம் கிடையாது. சட்டத்தில் கையெழுத்துப் போட முடியாது, பிரதமரை நியமிக்க முடியாது. கணவர் இறந்தால் அரியணை அவருக்கு வராது, வாரிசு வரிசையில் அடுத்து நிற்பவருக்குப் போய்விடும். ஒரு விதிவிலக்கு உண்டு. அடுத்து வரும் மன்னர் சிறு பிள்ளையாக இருந்தால், அவருடைய தாய் அவர் பெயரால் நாட்டை நடத்தலாம். ஸ்பெயினில் 12ஆம் அல்ஃபோன்சோ 1885 நவம்பரில் இறந்தபோது அவருடைய மனைவி மரியா கிறிஸ்டினா கர்ப்பமாக இருந்தார். 1886 மே 17 அன்று ஆண் குழந்தை பிறந்தது. பிறந்த கணத்திலேயே அந்தக் குழந்தை மன்னர் 13ஆம் அல்ஃபோன்சோ. அவருக்கு 16 வயது நிறையும் வரை, 1902 வரை, தாய்தான் நாட்டை நடத்தினார்.

ஆளும் அரசியின் கணவர் விஷயத்தில் நாட்டுக்கு நாடு வழக்கம் மாறும். எலிசபெத்தின் கணவர் ஃபிலிப்புக்கு மன்னர் பட்டம் தரப்படவே இல்லை. ஆனால் 19ஆம் நூற்றாண்டில் ஸ்பெயினை ஆண்ட இரண்டாம் இசபெல்லின் கணவர் பிரான்சிஸ்கோ டி அசீஸ் மன்னர் என்றே அழைக்கப்பட்டார். ஆட்சி மட்டும் இசபெல்லிடம் இருந்தது.

அதிகாரம் இல்லை என்றால் வெறும் அலங்காரப் பதவிதானே என்று தோன்றும். அப்படி எடுத்துக்கொண்டால் பட்டத்தரசிகளின் வாழ்க்கை நமக்குப் பிடிபடாது. ஆட்சியில் பங்கு தராத அரண்மனை, வாரிசு என்ற ஒரு விஷயத்தில் முழுச் சுமையையும் அந்தப் பெண்ணின் தலையில் வைத்தது. அவளுடைய மதம், பிறந்த குலம், உடம்பு எல்லாமே அரசாங்க விவகாரம். இதை நன்றாகப் புரிந்துகொள்ள, மரியா கிறிஸ்டினாவுக்கு மருமகளாக வந்த விக்டோரியா யூஜினியின் கதையைவிடப் பொருத்தமானது எனக்குத் தெரியவில்லை. வீட்டில் அவரை ஏனா என்று கூப்பிடுவார்கள். நாமும் அப்படியே சொல்வோம்.

பாட்டியின் வீட்டில் வளர்ந்த பெண்

ஏனா 1887 அக்டோபர் 24 அன்று ஸ்காட்லாந்தின் பால்மோரல் மாளிகையில் பிறந்தார். தாய் பியாட்ரிஸ், விக்டோரியா மகாராணியின் ஒன்பது பிள்ளைகளில் கடைக்குட்டி. கணவரை இழந்திருந்த விக்டோரியாவுக்குக் கடைசி மகளைப் பிரிய மனமில்லை. கல்யாணம் செய்துகொள், ஆனால் இருவரும் என்னோடுதான் இருக்க வேண்டும் என்பது அவர் வைத்த நிபந்தனை. அதனால் ஏனாவும் அவருடைய மூன்று சகோதரர்களும் பாட்டியின் மாளிகைகளிலேயே வளர்ந்தார்கள்.

தந்தை ஹென்றி, பேட்டன்பெர்க் இளவரசர். இந்தப் பேட்டன்பெர்க் என்ற பெயருக்குப் பின்னால் ஒரு சங்கதி இருக்கிறது. ஹென்றியின் தந்தை அலெக்சாண்டர், ஜெர்மனியின் ஹெஸ்ஸே அரச குடும்பத்தவர். அவர் காதலித்து மணந்தது போலந்தைச் சேர்ந்த ஜூலியா ஹாவ்கே என்பவரை. ஜூலியா அரச குலத்தில் பிறந்தவர் அல்ல. அந்தக் காலத்து ஐரோப்பிய விதிப்படி, குலத்தில் சமம் இல்லாத திருமணத்தில் பிறக்கும் பிள்ளைகளுக்குத் தந்தையின் அரச உரிமை கிடையாது. திருமணம் செல்லும், பிள்ளைகளும் முறையானவர்கள், ஆனால் வாரிசு வரிசையில் இடமில்லை. அவர்களுக்குப் புதிதாகக் கொடுத்த பெயர்தான் பேட்டன்பெர்க். முதல் உலகப் போர்க் காலத்தில், 1917இல், பிரிட்டனில் இருந்த கிளையினர் ஜெர்மன் பெயர் வேண்டாம் என்று அதை மவுன்ட்பேட்டன் என்று மாற்றிக்கொண்டார்கள். இந்தியாவின் கடைசி வைஸ்ராயாக வந்த மவுன்ட்பேட்டன், ஏனாவின் பெரியப்பா மகன்.

ஹென்றி 1896 ஜனவரியில், மேற்கு ஆப்பிரிக்காவில் அசாந்தி மக்களுக்கு எதிராக பிரிட்டன் நடத்திய படையெடுப்புக்குப் போனபோது மலேரியாவால் இறந்தார். ஏனாவுக்கு அப்போது எட்டு வயது. ஐந்து ஆண்டுகளில் பாட்டியும் போய்விட்டார்.

விக்டோரியாவின் பேத்திகளைப் பற்றி இங்கே ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். அவர்களில் ஐந்து பேர் வெவ்வேறு நாடுகளின் அரியணையில் கணவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். ரஷ்யாவில் அலெக்சாண்ட்ரா, நார்வேயில் மோட், கிரீஸில் சோஃபியா, ருமேனியாவில் மேரி, ஸ்பெயினில் ஏனா. அரச குடும்பங்கள் தங்களுக்குள்ளேயே பெண் கொடுத்துப் பெண் எடுத்ததால் முதல் உலகப் போரில் எதிரெதிர் அணியில் நின்றவர்கள் பலர் ரத்த உறவுகள். அந்த ரத்தத்தோடு வேறொன்றும் நாடு விட்டு நாடு போனது. அதைப் பிறகு பார்ப்போம்.

கல்யாணத்துக்கு முன்னும் அன்றும்

1905இல் 13ஆம் அல்ஃபோன்சோ லண்டனுக்கு வந்தார். அவர் மனதில் வைத்திருந்த பெண் வேறு, கன்னாட் பிரபுவின் மகள் பேட்ரிஷியா. பேட்ரிஷியா பிடி கொடுக்கவில்லை. பக்கிங்ஹாம் அரண்மனை விருந்தில் இருந்த ஏனாவைப் பார்த்து மன்னர் மயங்கினார். ஊருக்குத் திரும்பிய பின் கடிதப் போக்குவரத்து தொடர்ந்தது.

தாய் மரியா கிறிஸ்டினாவுக்கு இதில் திருப்தி இல்லை. ஆஸ்திரிய அரச குலத்தில் பிறந்த அவருக்குப் பேட்டன்பெர்க் என்ற பெயரே உறுத்தியது. ஏனா புராட்டஸ்டன்ட் வேறு. ஸ்பெயின் அரசி கத்தோலிக்கராக இல்லாமல் இருப்பது நினைத்துக்கூடப் பார்க்க முடியாத காரியம். குலப் பிரச்சினையை ஏனாவின் மாமா, மன்னர் ஏழாம் எட்வர்ட், அவருடைய பட்டத்தை உயர்த்தி ஓரளவு சரிசெய்தார். மதத்தை ஏனாவே மாற்றிக்கொள்ள வேண்டியிருந்தது. 1906 மார்ச்சில், சான் செபாஸ்டியன் நகரின் மிராமர் அரண்மனையில் அவர் கத்தோலிக்கர் ஆனார். இங்கிலாந்தில் பலர் கொதித்தார்கள். பதினெட்டு வயதுப் பெண், தான் பிறந்த நாட்டின் கோபத்தைத் தாங்கிக்கொண்டு, இன்னும் தன்னை ஏற்றுக்கொள்ளாத நாட்டுக்குப் புறப்பட்டார்.

1906 மே 31 அன்று மாட்ரிட்டின் சான் ஹெரோனிமோ தேவாலயத்தில் திருமணம். முடிந்து ஊர்வலமாக அரண்மனைக்குத் திரும்பும் வழியில், மயோர் தெருவில், ஒரு கட்டடத்தின் மாடியிலிருந்து பூங்கொத்து ஒன்று விழுந்தது. உள்ளே வெடிகுண்டு. வீசியவர் மத்தேவு மொரால் என்ற அராஜகவாதி, அதாவது அரசாங்கமே கூடாது என்ற கொள்கைக்காரர். வேடிக்கை பார்க்க நின்ற மக்களும் காவலர்களுமாக 20க்கும் மேற்பட்டோர் செத்தார்கள், காயமடைந்தவர்கள் நூற்றுக்கும் மேல். மன்னருக்கும் அரசிக்கும் காயமில்லை. ஏனாவின் வெள்ளைக் கல்யாண உடையில் ரத்தம் தெறித்திருந்தது. வேறொரு வண்டியில் ஏறி அரண்மனைக்குப் போனார்கள். மொரால் இரண்டு நாள் கழித்துப் பிடிபட்டபோது ஒரு காவலரைச் சுட்டுக் கொன்றுவிட்டுத் தன்னையும் சுட்டுக்கொண்டார்.

அன்றைக்கு ஏனா கலங்காமல் நின்றதை முதலில் பாராட்டினார்கள். போகப் போக அதே குணத்தைத்தான் கல்நெஞ்சுக்காரி என்று திட்டினார்கள். உணர்ச்சியை வெளியே காட்டாமல் இருப்பதே மரியாதை என்று விக்டோரியாவின் வீட்டில் கற்றுக்கொடுத்திருந்தார்கள். மாட்ரிட் அரண்மனையில் அதற்கு வேறு அர்த்தம் கொடுத்தார்கள். வெளிநாட்டிலிருந்து வரும் பட்டத்தரசிகள் எல்லோரும் மாட்டிக்கொள்ளும் இடம் இது. வளர்ந்த விதமே அங்கே குற்றமாகிவிடும்.

ரத்தத்தில் வந்தது

1907 மே 10 அன்று மூத்த மகன் பிறந்தான். தந்தையின் பெயரையே வைத்தார்கள், அல்ஃபோன்சோ. நாடே கொண்டாடியது. கொஞ்ச நாளில் தெரிந்துவிட்டது, குழந்தைக்கு ஹீமோஃபீலியா.

அது என்ன நோய்? நமக்கு அடிபட்டு ரத்தம் வந்தால் சிறிது நேரத்தில் உறைந்து நின்றுவிடும். அப்படி உறைவதற்குப் பல புரதங்கள் சேர்ந்து வேலை செய்ய வேண்டும். அவற்றில் ஒன்று குறைந்தாலும் ரத்தம் சீக்கிரம் நிற்காது. வெளிக்காயத்தைவிட உள்ளே கசிவதுதான் பெரிய ஆபத்து. மூட்டுகளில் ரத்தம் தேங்கி வீங்கி, நடக்கவே முடியாமல் போகும். சின்ன விபத்தும் உயிரைக் கொண்டுபோய்விடும்.

இந்தக் குறை எக்ஸ் குரோமோசோம் வழியாக வருகிறது. பெண்களுக்கு எக்ஸ் இரண்டு, ஆண்களுக்கு ஒன்றுதான். ஒரு பெண்ணின் ஒரு எக்ஸில் குறை இருந்தாலும் மற்றது பெரும்பாலும் ஈடுகட்டிவிடும். அவர் ஆரோக்கியமாகவே இருப்பார், ஆனால் குறையைப் பிள்ளைகளுக்குக் கடத்தக்கூடியவர். அவருக்குப் பிறக்கும் ஒவ்வொரு மகனுக்கும் நோய் வர 50 விழுக்காடு வாய்ப்பு. ஒவ்வொரு மகளும் தாயைப் போலவே கடத்துபவராக இருக்க 50 விழுக்காடு வாய்ப்பு. மகனுக்கு எக்ஸ் தாயிடமிருந்து மட்டுமே வருவதால், நோயுற்ற மகனுக்குத் தந்தையிடமிருந்து இது வருவதில்லை.

விக்டோரியா மகாராணியிடம் இந்தக் குறை இருந்தது. அவருடைய மகன் லியோபோல்ட் இந்த நோயோடு வாழ்ந்து 30 வயதில் இறந்தார். மகள்கள் ஆலிஸும் பியாட்ரிஸும் கடத்துபவர்கள். ஆலிஸின் மகள் அலெக்சாண்ட்ரா வழியாக அது ரஷ்யாவுக்குப் போய், இளவரசன் அலெக்ஸியைத் தாக்கியது. பியாட்ரிஸின் மகள் ஏனா வழியாக ஸ்பெயினுக்கு வந்தது. ரஷ்ய அரச குடும்பத்தின் எலும்புகளை ஆராய்ந்து, இது ஒன்பதாம் உறைவுக் காரணி குறைவதால் வரும் ஹீமோஃபீலியா பி வகை என்று 2009இல் உறுதிசெய்தார்கள்.

ஏனா கடத்துபவரா இல்லையா என்று கல்யாணத்துக்கு முன் கண்டுபிடிக்க அன்றைக்கு எந்தப் பரிசோதனையும் கிடையாது. ஆனால் அவருடைய தம்பி லியோபோல்டுக்கு இந்த நோய் இருந்தது குடும்பத்தில் தெரிந்த விஷயம். அல்ஃபோன்சோ தானே விரும்பித் தேர்ந்தெடுத்த பெண் ஏனா. அப்படியிருந்தும் மகனின் நோய்க்கு மனைவியையே காரணமாக்கினார், அவரை விட்டு விலகிப் போனார். வேறு பெண்களோடு உறவு வைத்துக்கொண்டார், பிள்ளைகளும் பெற்றார். இந்த இடத்தில் எனக்கு மன்னர் மீது துளியும் பரிவு வரவில்லை. தன் உடம்பில் இருப்பதே தெரியாத ஒன்றுக்காக ஒரு பெண்ணைக் குற்றவாளி ஆக்கினார்கள். பட்டத்தரசியின் ஒரே கடமை ஆரோக்கியமான ஆண் வாரிசு என்று வைத்துவிட்ட அரண்மனை, இயற்கையின் கணக்கை அவளுடைய தவறாகத்தான் எழுதிக்கொள்ளும்.

1914க்குள் ஏனா ஏழு பிள்ளைகளைச் சுமந்துவிட்டார். இரண்டாம் மகன் ஹைமேவுக்கு ஹீமோஃபீலியா இல்லை. ஆனால் சிறு வயதில் காதுக்குப் பின்னால் நடந்த அறுவைச் சிகிச்சைக்குப் பின் கேட்கும் திறனை இழந்தார். அடுத்து மகள் பியாட்ரிஸ். 1910இல் ஒரு மகன் இறந்தே பிறந்தான். பிறகு மகள் மரியா கிறிஸ்டினா. 1913இல் ஹுவான், நோயில்லாத மகன். 1914 அக்டோபர் 24 அன்று, ஏனாவின் பிறந்தநாளிலேயே, கடைக்குட்டி கொன்சாலோ பிறந்தான். அவனுக்கும் ஹீமோஃபீலியா. அவன் பிறந்து மூன்று நாள் கழித்து, ஏனாவின் தம்பி மாரிஸ் பெல்ஜியத்தின் ஈப்ர போர்முனையில் பிரிட்டிஷ் படைக்காகப் போரிட்டு இறந்தார். ஸ்பெயின் நடுநிலை வகித்த நாடு. மாமியார் ஆஸ்திரியர், மருமகள் ஆங்கிலேயர், இரண்டு பேருடைய பிறந்த நாடும் எதிரெதிர் அணியில். அந்த வீட்டில் துக்கத்தைக்கூட அளந்துதான் காட்ட முடிந்திருக்கும்.

யாரும் கேட்காத வேலை

ஏனா தனக்கென்று எடுத்துக்கொண்ட காரியம் மருத்துவப் பணி. ஸ்பெயின் செஞ்சிலுவைச் சங்கத்தை அவர் மாற்றியமைத்தார். 1917இல் பயிற்சி பெற்ற தாதியர் அணி ஒன்று தொடங்கியது. அடுத்த ஆண்டு மாட்ரிட்டில் சான் ஹொசே, சாந்தா அதேலா பெயரில் செஞ்சிலுவை மருத்துவமனை திறந்தது, தாதியர் பயிற்சியும் அங்கே நடந்தது.

இதன் அருமை 1921இல் தெரிந்தது. மொராக்கோவில் அன்வால் என்ற இடத்தில் ஸ்பெயின் படை படுதோல்வி அடைந்து ஆயிரக்கணக்கான வீரர்கள் மாண்டார்கள். காயம்பட்டவர்களைப் பார்க்க ராணுவ மருத்துவமனைகளால் முடியவில்லை. ஏனாவின் நம்பிக்கைக்குரிய தோழியான லா விக்டோரியா சீமாட்டி என்ற பட்டம் கொண்ட கார்மென் அங்கோலோத்தி, தாதியரோடு வட ஆப்பிரிக்கக் கரையில் ஸ்பெயின் வசமிருந்த மெலில்யா நகருக்குப் போய் மருத்துவமனைகள் அமைத்தார். 1923இல் போப் 11ஆம் பயஸ் ஏனாவுக்குத் தங்க ரோஜா விருது தந்தார், கத்தோலிக்க அரசிகளுக்குக் கிடைக்கும் உயர்ந்த கௌரவம் அது. மதம் மாறி வந்தவர் என்று அவரைச் சந்தேகத்தோடு பார்த்தவர்கள் இருந்த நாட்டில், இதன் பொருள் பெரியது.

அரசியல் சட்டம் இந்த வேலையை அவரிடம் ஒப்படைக்கவில்லை. அதிகாரம் இல்லாதவருக்குச் செல்வாக்கு உண்டு. அதை எதற்குப் பயன்படுத்துவது என்பதில் மட்டும்தான் பட்டத்தரசிக்குக் கொஞ்சம் சுதந்திரம். இன்றும் ஐரோப்பிய அரசிகள் மருத்துவம், கல்வி, பெண்கள் நலம் என்று ஏதாவது ஒன்றில் நிற்பதற்குக் காரணம் இதுதான்.

அரியணை போன பின்

1931 ஏப்ரல் 12 உள்ளாட்சித் தேர்தலில் பெரிய நகரங்களில் குடியரசுக் கட்சிகள் வென்றன. 14ஆம் தேதி குடியரசு அறிவிக்கப்பட்டது. மன்னர் அன்றிரவே கார்த்தஹேனா துறைமுகம் வழியாகக் கப்பலேறினார். ஏனாவும் உடனிருந்த பிள்ளைகளும் மறுநாள் காலை எல் எஸ்கோரியல் நிலையத்திலிருந்து ரயிலில் பிரான்சுக்குப் போனார்கள். நோயிலிருந்த மூத்த மகனைத் தூக்கிக்கொண்டு போக வேண்டியிருந்தது. நாட்டை இழந்த பிறகு சேர்ந்து வாழ்வதற்குக் காரணம் எதுவும் மிஞ்சவில்லை, தம்பதியர் பிரிந்தார்கள்.

வாரிசு வரிசை மாறிய கதையும் இந்த ஆண்டுகளில்தான். மூத்த மகன் 1933இல் அரச குலத்தைச் சேராத ஒரு கியூபப் பெண்ணை மணப்பதற்காக உரிமையைத் துறந்தார். ஏனாவின் தாத்தாவைப் பாதித்த அதே விதி, இங்கே பேரப்பிள்ளையின் பிள்ளையைப் பிடித்தது. அதே மாதம் ஹைமேவும் உரிமையை விட்டுக்கொடுத்தார். பிரிட்டிஷ் கடற்படையில் இருந்த ஹுவான் வாரிசானார். 1934 ஆகஸ்டில் ஆஸ்திரியாவில் ஒரு கார் விபத்து. அக்கா பியாட்ரிஸ் ஓட்டிய வண்டியில் இருந்த கொன்சாலோவுக்குப் பெரிய காயம் ஏதும் தெரியவில்லை, உள்ளே ரத்தம் கசிந்து 19 வயதில் இறந்தான். மூத்த மகன் 1938இல் மயாமியில் கார் விபத்துக்குப் பின் இதேபோல் ரத்தப்போக்கால் இறந்தார், வயது 31.

முன்னாள் மன்னர் 1941 பிப்ரவரி 28 அன்று ரோமில் காலமானார். ஏனா போர்க்காலத்தில் சுவிட்சர்லாந்தின் லோசானுக்குக் குடிபெயர்ந்து கடைசி வரை அங்கேயே வாழ்ந்தார். ஸ்பெயினில் அப்போது பிராங்கோவின் சர்வாதிகார ஆட்சி. 1968 பிப்ரவரியில், ஹுவானின் பேரன் ஃபெலிப்பேயின் ஞானஸ்நானத்துக்காக, 37 ஆண்டுகளுக்குப் பின் மாட்ரிட் வந்தார். குழந்தைக்கு ஞானத்தாய் அவர்தான். விமான நிலையத்தில் திரண்ட கூட்டத்தில் பலர் அவர் அரசியாக இருந்தபோது பிறந்தே இராதவர்கள். மறு ஆண்டு, 1969 ஏப்ரல் 15 அன்று, லோசானில் இறந்தார். நாட்டை விட்டுப் போன அதே தேதி.

1985இல் அவருடைய உடலை எல் எஸ்கோரியல் அரச கல்லறைக்குக் கொண்டுவந்தார்கள். அங்கே மன்னர்களுக்கும், மன்னரைப் பெற்ற அரசிகளுக்கும் இடம் என்பது வழக்கம். ஏனாவின் மகன் ஹுவான் ஒரு நாளும் அரியணை ஏறவில்லை. பிராங்கோ அவரைத் தாண்டி, அவருடைய மகன் ஹுவான் கார்லோஸைத் தேர்ந்தெடுத்தார். 1975 நவம்பரில் ஏனாவின் பேரன் மன்னரானார். அப்புறம் ஒரு சுவையான தகவல். ஹுவான் கார்லோஸின் மனைவி சோஃபியாவும் விக்டோரியா மகாராணியின் வழிவந்தவர்தான். கிரீஸ் பட்டத்தரசி சோஃபியாவின் பேத்தி அவர். கணவனும் மனைவியும் விக்டோரியாவிலிருந்து எண்ணினால் ஒரே தலைமுறை.

சரி, சட்டம் இன்று பட்டத்தரசியைப் பற்றி என்ன சொல்கிறது? ஸ்பெயினின் 1978 அரசியல் சாசனத்தில் 58ஆம் பிரிவு இதற்கென்றே இருக்கிறது. மன்னரின் மனைவியோ, ஆளும் அரசியின் கணவரோ, மன்னர் பெயரால் ஆட்சி நடத்த நேரும் சந்தர்ப்பம் தவிர, அரசியல் சாசனப் பணி எதையும் ஏற்கக் கூடாது. ஏனா ஞானத்தாயாக நின்ற குழந்தைதான் இன்றைய மன்னர் ஆறாம் ஃபெலிப்பே. 2014இல் அவர் முடிசூடியபோது லெத்திசியா பட்டத்தரசியானார். லெத்திசியா அதற்கு முன் தொலைக்காட்சிச் செய்தியாளர், அரச குலத்தவர் அல்ல, ஏற்கெனவே மணமுறிவு பெற்றவர். 1933இல் ஏனாவின் மகனுக்கு அரியணையையே இழக்க வைத்த அதே வகைத் திருமணம் இந்த முறை வாரிசு உரிமையைத் தொடவில்லை. அவர்களுக்கு ஆண் பிள்ளை இல்லை, இரண்டு மகள்கள். மூத்தவர் லெயோனோர் அரியணை ஏறினால், இரண்டாம் இசபெல்லுக்குப் பின் ஸ்பெயினை ஆளும் முதல் அரசி அவராக இருப்பார். 58ஆம் பிரிவின் கட்டுப்பாடு அப்போது அவருடைய கணவருக்குப் பொருந்தும்.